பிஜி: எழுவர் ரக்பியில் இரண்டு ஒலிம்பிக் தங்கம், பதினைவரில் காலிறுதியோடு நிற்பது ஏன்?

அலைவரிசை (கேள்வி)

வணக்கம். பிஜி நாட்டு ரக்பி பற்றி விவரம் தெரிந்தவர்கள் விளக்க வேண்டும்.

மக்கள்தொகை ஏறத்தாழ 9 லட்சம். ஒலிம்பிக்கில் எழுவர் ரக்பி சேர்க்கப்பட்ட 2016 ரியோவில் தங்கம், அடுத்து டோக்கியோவிலும் தங்கம், 2024 பாரிஸில் வெள்ளி. ஆனால் பதினைந்து பேர் ஆடும் உலகக் கோப்பையில் 1987, 2007, 2023 என மூன்று முறை காலிறுதி, அதற்கு மேல் ஒரு முறைகூட இல்லை. அதே மக்கள், அதே பந்து, அதே மைதானம். வித்தியாசம் எங்கிருந்து வருகிறது?

வர்ணனையாளர்கள் "பிறவித் திறமை" என்று சொல்லி முடித்துவிடுகிறார்கள். அது விடையாகத் தோன்றவில்லை. அந்த ஊரில் எது இந்த ஆட்டத்தை இப்படி வளர்க்கிறது என்று தெரிய வேண்டும்.

இன்னொன்று. அங்கே ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு இந்திய வம்சாவளியினர், அவர்களில் தமிழ் வேர் உள்ளவர்களும் கணிசம். ரக்பி அணியில் அந்தப் பெயர்களைக் காணவே முடிவதில்லையே, ஏன்?

---

முன்வரிசை

இரண்டையும் ஒரே ஆட்டமாக எடுத்துக்கொள்வதில்தான் குழப்பம். மைதானம் ஒன்றுதான்: கோல் கோட்டிலிருந்து கோல் கோடு வரை 100 மீட்டர், அகலம் 70 மீட்டர். அதில் 30 பேர் நின்றால் தலைக்கு 233 சதுர மீட்டர் வருகிறது. 14 பேர் நின்றால் 500. மற்ற எல்லாமே இந்தக் கணக்கிலிருந்துதான் கிளைக்கின்றன.

பதினைவர் ஆட்டத்தில் தடுப்பு வரிசையில் 12, 13 பேர் நிற்பார்கள். ஆளுக்கு ஐந்தாறு மீட்டர் காவல். ஒருவரை ஏமாற்றித் தாண்டினாலும் அடுத்தவர் கைக்கு எட்டும் தூரத்தில் இருப்பார். எழுவரில் வரிசையில் ஆறு பேர், பின்னால் ஒருவர். ஆளுக்கு 11, 12 மீட்டர். நேருக்கு நேர் ஒருவரை ஏமாற்றத் தெரிந்த ஆட்டக்காரருக்கு இங்கே ஒரு அடி போதும், அடுத்த 60 மீட்டர் வெட்டவெளி.

பிஜியர்களின் கைவசம் இருக்கும் பெரிய சொத்து ஆஃப்லோட். பிடிபட்ட பிறகும் தரையில் விழாமல், அல்லது விழுந்துகொண்டே, பந்தைக் கூட்டாளிக்குத் தள்ளிவிடுவது. வழக்கமான ஆட்டத்தில் பிடிபட்டவர் தரையில் விழுந்து பந்தைப் பின்பக்கம் வைப்பார், மேலே ரக் (தரையில் கிடக்கும் பந்துக்காக இரு அணியினரும் நின்றபடி தள்ளிக்கொள்ளும் கூட்டம்) உருவாகும், அதிலிருந்து பந்து வெளிவர மூன்று நான்கு விநாடி. அதற்குள் எதிரணி வரிசையைச் சரிசெய்துகொள்ளும். ஆஃப்லோட் அந்த மூன்று விநாடியை எதிரணிக்குக் கொடுப்பதே இல்லை. தடுத்தவர் இன்னும் தரையில் கிடக்கும்போதே ஆட்டம் அவரைக் கடந்து போய்விடுகிறது.

இதன் விலை, பந்து பறிபோவது. எழுவரில் அந்த விலை குறைவு. பந்தை எடுத்த எதிரணியும் 60, 70 மீட்டர் ஓட வேண்டும், ஓடித் துரத்திப் பிடிக்கலாம். பதினைவரில் உங்கள் பாதியில் பந்தைத் தவறவிட்டால் எதிரணிக்கு ஸ்க்ரம், அதாவது இரு அணியினரும் பிணைந்து தள்ளிப் பந்துக்குப் போட்டியிடும் மறுதொடக்கம். ஸ்க்ரம்மில் நீங்கள் தளர்ந்தால் பெனால்ட்டி, பெனால்ட்டியை உதைத்தால் 3 புள்ளி. ஒரே தவறு இரண்டு நிமிடத்தில் கணக்கில் ஏறிவிடும்.

இரண்டாவது, மறுதொடக்க உதை. பலர் கவனிக்காத இடம் இது. பதினைவரில் புள்ளி எடுத்த அணிக்கு எதிரணி உதைக்கும். எழுவரில் நேர்மாறு, புள்ளி எடுத்த அணியே உதைக்கிறது. ட்ரை (எதிரணியின் கோல் கோட்டுக்கு அப்பால் பந்தைத் தரையில் வைப்பது) போட்ட அணி அடுத்த பந்தை எதிரணிக்கு அனுப்பியாக வேண்டும், ஆனால் பந்து 10 மீட்டர் தாண்டியவுடன் யார் வேண்டுமானாலும் பிடிக்கலாம். உயர உதைத்து, ஓடிப் போய், குதித்து ஒரு கையால் பின்பக்கம் தட்டிவிடுகிற உயரமான ஆட்டக்காரர் ஒருவர் இருந்தால் எதிரணி பந்தைத் தொடாமலே அடுத்த ட்ரை விழும். மொத்த ஆட்டமே 14 நிமிடம், அதிலும் ட்ரைக்குப் பின் கூடுதல் புள்ளிக்காக (கன்வர்ஷன்) எடுக்கும் டிராப் உதைக்காகக் கடிகாரம் நிற்பதில்லை. ரியோ இறுதியில் பிரிட்டனுக்கு எதிராக இடைவேளையிலேயே 29-0, முடிவில் 43-7. அணி அடுத்தடுத்து பந்தைத் தன்னிடமே வைத்துக்கொள்ளும்போது ஸ்கோர் அப்படித்தான் ஏறும்.

மூன்றாவது, பதினைவர் ஆட்டம் கேட்கிற, எழுவர் ஆட்டம் கேட்காத திறமைகள். எழுவரில் ஸ்க்ரம் மூன்று பேருக்கு மூன்று பேர். பந்து உள்ளே போய் இரண்டு விநாடியில் வெளியே வரும், கிட்டத்தட்ட ஆட்டத்தைத் தொடங்கும் சடங்கு. பதினைவரில் எட்டு பேருக்கு எட்டு பேர், ஒவ்வொரு பக்கமும் 900 கிலோ அளவு. முன்வரிசையில் நடுவில் ஹூக்கர், இரு பக்கமும் ப்ராப். வலப்பக்க ப்ராப்புக்கு எதிரணியின் இரண்டு தலைகளுக்கு நடுவே தலை சிக்கியிருக்கும், பாரம் முழுக்க அவர் முதுகில். அவர் இடுப்பு தோளைவிட மேலே போனால், அல்லது கையை எதிராளியின் சட்டையில் நீளமாகப் பிடிக்காமல் முழங்கையை மடக்கிக் கீழே இழுத்தால், ஸ்க்ரம் சரியும். நடுவர் கையை உயர்த்துவார். பெனால்ட்டியை எதிரணி கோட்டோரம் உதைத்து வெளியே அனுப்பும், அங்கே லைன்அவுட் (இரு அணி வரிசைகளுக்கு நடுவே பந்தை உள்ளே எறிவது), பந்தைப் பிடித்தவரைச் சுற்றி மால் (அவரோடு கூட்டமாகத் தள்ளிக்கொண்டு போவது), ஐந்து மீட்டர் தள்ளினால் ட்ரை. பெரிய நாடுகள் பிஜிக்கு எதிராக மீண்டும் மீண்டும் நடத்திக்காட்டியது இந்தச் சங்கிலியைத்தான்.

இது வலிமைக் குறைவல்ல. ஸ்க்ரம் என்பது எட்டு பேர் ஒரே நொடியில் ஒரே கோணத்தில் தள்ளும் வேலை. அதற்கு ஸ்க்ரம் இயந்திரம் வேண்டும், அதற்கென்றே ஒரு பயிற்சியாளர் வேண்டும், எல்லாவற்றையும்விட அதே எட்டு பேர் வாரக்கணக்கில் சேர்ந்து பழக வேண்டும். பிஜியின் நல்ல முன்வரிசைக்காரர்கள் பிரான்ஸிலும் இங்கிலாந்திலும் கிளப்புகளில் இருப்பார்கள். கிளப்புகள் அவர்களை விடுவிக்கக் கட்டாயப்படும் காலம் ஜூலையில் சில வாரம், நவம்பரில் சில வாரம், பிறகு உலகக் கோப்பை. ஆண்டில் பத்து வாரம்கூடத் தேறாது.

நான்காவது, உதைப்பவர். 2023இல் கேலெப் மன்ட்ஸ் உலகக் கோப்பை தொடங்கும் முன்பே முழங்காலில் அடிபட்டு வெளியேறினார். ஆஸ்திரேலியாவை 22-15 என வென்ற ஆட்டத்தில் சிமியோனே குருவோலி நான்கு பெனால்ட்டியும் ஒரு கன்வர்ஷனும் உதைத்து 14 புள்ளி எடுத்தார், ட்ரை ஒன்றுதான் (ஜோசுவா துய்சோவா). உதை விழுந்தால் பிஜி யாரையும் வெல்லும் என்பதற்கு அதுவே சாட்சி. அதே தொடரில் வேல்ஸிடம் 32-26, போர்த்துகலிடம் 24-23, காலிறுதியில் இங்கிலாந்திடம் 30-24. மூன்று தோல்வியும் ஒரே ஒரு ட்ரையும் உதையும் சேர்ந்த இடைவெளிக்குள்.

---

கரும்புத்தோட்டம்

இந்திய வம்சாவளி பற்றிய கேள்விக்கு மட்டும் பதில்.

உடலமைப்பு, உணவு என்று சொல்லும் விளக்கங்களை ஒதுக்கிவிடுங்கள். இது குடியேற்றம், பள்ளி, சங்கம் மூன்றும் சேர்ந்து உண்டாக்கிய பிரிவு.

ஒப்பந்தக் கூலிகளாக 1879 முதல் 1916 வரை 60,000க்கும் மேற்பட்டோர் பிஜிக்குக் கொண்டுபோகப்பட்டார்கள். தென்னிந்தியர்கள் சென்னை வழியாகக் கப்பலேறியது 1903இல் தொடங்கியது. ஒப்பந்தம் முடிந்ததும் கரும்பு பயிரிடக் குத்தகை நிலத்தில் சிதறிக் குடியேறினார்கள். வீடு ஒரு மூலை, அடுத்த வீடு வயலுக்கு அந்தப் பக்கம். பூர்வகுடிகளான இதௌகேய் மக்களின் கிராமம் அப்படியல்ல. வீடுகள் நெருக்கமாக ஒரு பொதுப் புல்வெளியைச் சுற்றி நிற்கும், அந்தப் புல்வெளிக்கு 'ராரா' என்று பெயர். மாலையில் ஊர்ப் பையன்கள் அத்தனை பேரும் இறங்கும் இடம் அது. ரக்பி வேரூன்றியது அங்கே. கரும்புக் குடியிருப்பில் அப்படியொரு பொதுவெளி இல்லை.

ரக்பி வந்த பாதையும் பிரிந்தே வந்தது. 1884 வாக்கில் விட்டிலேவு தீவின் பா நகரில் வெள்ளையரும், ஆயுதக் காவல் படையிலிருந்த பூர்வகுடிச் சிப்பாய்களும் ஆடியதுதான் தொடக்கம். 1913இல் ஐரோப்பியருக்கான சங்கம், 1915இல் பூர்வகுடிகளுக்குத் தனிச் சங்கம். இந்தியருக்கு இரண்டிலும் இடமில்லை. காலனி அரசு பள்ளிகளையும் இனவாரியாகவே நடத்தியது. இந்தியர் பள்ளிகளில் கால்பந்து வந்தது. 1938இல் பிஜி இந்தியக் கால்பந்துச் சங்கம் உருவானது, அதே ஆண்டு மாவட்டங்களுக்கிடையிலான போட்டியும் தொடங்கியது. பெயரிலிருந்து 'இந்திய' என்ற சொல்லை நீக்கி எல்லா இனத்தவருக்கும் திறந்துவிட்டது 1961இல்.

தமிழர் பக்கம் பார்த்தால் 1926இல் நாண்டியில் சாது குப்புசாமி தொடங்கிய தென்னிந்திய சன்மார்க்க ஐக்கிய சங்கம் இருக்கிறது. பள்ளிகள் நடத்தியது, தமிழும் தெலுங்கும் மலையாளமும் கற்பித்தது. அதன் ஆண்டு மாநாட்டோடு சேர்ந்தே கால்பந்துப் போட்டியும் நடக்கும். ஆக ஒரு சமூகத்துக்கு ஊர்த்திருவிழாவோடு ரக்பி, இன்னொரு சமூகத்துக்குச் சங்க மாநாட்டோடு கால்பந்து. இந்தியாவில் கிளப் கால்பந்து பார்ப்பவர்களுக்கு பிஜியின் கால்பந்து வீரர் ராய் கிருஷ்ணாவைத் தெரியும். அவர் வந்தது இந்த மரபிலிருந்துதான்.

ஆடுவதில் பிரிவு இருந்தாலும் பார்ப்பதில் இல்லை. 2016 பிப்ரவரியில் வின்ஸ்டன் புயல் 44 பேரைக் கொன்றது, ஊர்களைத் தரைமட்டமாக்கியது. ஆகஸ்டில் தங்கம். அது பிஜி எந்த விளையாட்டிலும் வென்ற முதல் ஒலிம்பிக் பதக்கம். பொது விடுமுறை அறிவித்தார்கள். அடுத்த ஆண்டு பிஜி ரிசர்வ் வங்கி 7 டாலர் நோட்டு வெளியிட்டது. அணித்தலைவர் ஒசேயா கொலினிசாவும் பயிற்சியாளர் பென் ரயனும் அதில் இருக்கிறார்கள். நாட்டுப் பணத்தில் அணியை அச்சடித்திருக்கிறார்கள் என்றால், அந்தப் பணம் எல்லா இனத்தார் கையிலும் புழங்குகிறது.

---

எட்டாம் எண்

முன்வரிசை எழுதியதில் ஒன்றைச் சேர்க்க வேண்டும், இல்லையென்றால் பிஜி பதினைவரில் எப்போதுமே பின்தங்கியது என்ற எண்ணம் வந்துவிடும். வரலாறு அப்படி இல்லை.

1924இல் முதல் சர்வதேச ஆட்டம், சமோவாவின் ஆப்பியாவில். காலை 7 மணிக்குத் தொடங்கினார்கள், சமோவா ஆட்டக்காரர்கள் முடித்துவிட்டு வேலைக்குப் போக வேண்டும் என்பதற்காக. பிஜி 6-0 வென்றது. 1939இல் நியூசிலாந்துப் பயணத்தில் ஒரு ஆட்டத்திலும் தோற்கவில்லை. ஆட்டத்துக்கு முன் ஆடும் போர் நடனம் அந்தப் பயணத்துக்காகத்தான் ஏற்பட்டது. நியூசிலாந்து மாவோரிகளின் 'ஹகா' போர் நடனத்துக்குப் பதில் சொல்ல ஒன்று வேண்டும் என்று அணித்தலைவர் ராத்து ஜார்ஜ் தாக்கொம்பாவ் பாவ் தீவின் போர்க்குலத் தலைவரிடம் கேட்டு வாங்கினார். பின்னாளில் அவரே நாட்டின் கவர்னர் ஜெனரல். அந்த நடனத்தின் பெயரை ஆங்கில எழுத்தைப் பார்த்து 'சிபி' என்று பலர் எழுதுகிறார்கள். பிஜி மொழியில் அந்த முதல் எழுத்து 'த' ஒலி, நடுவெழுத்துக்கு முன் 'ம்' சேரும். 'தீம்பி' என்பதுதான் சரி. நாண்டி, சிங்கதோகா எல்லாம் இதே கதைதான், எழுத்தில் இல்லாத மெல்லினம் வாயில் வரும்.

1952இலும் 1954இலும் ஆஸ்திரேலியாவை அவர்கள் மண்ணிலேயே வென்றார்கள். 1977இல் தலைநகர் சுவாவில், பிரிட்டனும் அயர்லாந்தும் சேர்ந்த பிரிட்டிஷ் லயன்ஸ் அணியை 25-21. பின்னடைவு ஆழமானது 1995இல் ஆட்டம் தொழில்முறைக்கு மாறிய பிறகு. அதுவரை எல்லா நாட்டவரும் வேலை முடிந்து மாலையில் பயிற்சி எடுத்தவர்கள், பிஜியருக்கும் அவர்களுக்கும் கிடைத்த நேரம் ஒன்று. 1995க்குப் பிறகு பெரிய நாடுகளில் ஆட்டக்காரர் காலை முதல் மாலை வரை அதே வேலை. பிஜியில் சம்பளம் கொடுக்க அணியே இல்லை. ஆட்டக்காரர்கள் வெளிநாடு போனார்கள். சிலர் அந்த நாட்டு அணிக்கே ஆடினார்கள். அப்போது மூன்றாண்டு குடியிருப்பு போதும், அதை ஐந்தாக்கியது பின்னாளில்தான். பிறந்த நாட்டுக்குத் திரும்பி ஆட, மூன்றாண்டு இடைவெளியோடு 2022 முதல் அனுமதி. டெஸ்ட் (நாடுகளுக்கிடையிலான) ஆட்டங்களில் நுழைவுச் சீட்டு வசூல் முழுக்க நடத்தும் நாட்டுக்கே போகும் என்பது பழைய வழக்கம். ஆண்டுதோறும் வெளியே போய் ஆடும் சிறிய நாட்டுக்கு அதில் என்ன மிஞ்சும்? இது ஆட்டத் திறமைப் பிரச்சினை இல்லை, வரவு செலவுப் பிரச்சினை. இதை வெளிப்படையாகச் சொல்லாமல் "பிஜிக்கு ஒழுங்கு போதாது" என்று எழுதுவது நியாயமே இல்லை.

எது வளர்க்கிறது என்று கேட்டிருந்தீர்கள். இரண்டு தளம். ஒன்று பள்ளி. மேல்நிலைப் பள்ளிகளின் தீன்ஸ் கோப்பை 1939 முதல் நடக்கிறது. தைலேவு மாகாணத்திலுள்ள குவீன் விக்டோரியா பள்ளியும் ராத்து கடவுலேவு பள்ளியும் ஆண்களுக்கான விடுதிப் பள்ளிகள். தீவுகளிலிருந்து வரும் பையன்கள் அங்கே ஒன்றாகத் தங்கி ஒன்றாக ஆடுகிறார்கள். அந்த இறுதி ஆட்டத்துக்குக் கூடும் கூட்டம் பல நாடுகளில் கிளப் ஆட்டத்துக்குக்கூட வராது. அதற்கு மேலே மாகாணங்களின் சவால் கோப்பை. வைத்திருக்கும் மாகாணத்தை மற்ற மாகாணம் அதன் ஊருக்கே போய் வென்று எடுக்க வேண்டும். ராணுவமும் காவல்துறையும் ஆண்டுதோறும் மோதும் சுக்குனா கோப்பை தனி. இப்போதைய பிரதமர் சித்திவேனி ரம்புகாவே நாட்டுக்காக ரக்பி ஆடியவர்.

இன்னொரு தளம் கிராம எழுவர் போட்டிகள். 15 பேர் கொண்ட அணியைப் படகில் ஏற்றி அடுத்த தீவுக்குக் கொண்டுபோவது பெருஞ்செலவு, எழுவர் அணி என்றால் மாற்றாட்டக்காரர்களோடு 12 பேர் போதும். ஒரே நாளில் ஒரே மைதானத்தில் இருபது ஆட்டம் நடத்திவிடலாம். முந்நூற்றுக்கும் மேற்பட்ட தீவுகள் கொண்ட நாட்டில் எழுவர் ஆட்டம் பரவியதற்கு இந்தக் கணக்கே பெரிய காரணம். 1976இல் சுவாவில் தொடங்கிய மாரிஸ்ட் செவன்ஸ் போன்ற போட்டிகளில்தான் தேசியத் தேர்வாளர்கள் புது ஆட்களைக் கண்டெடுக்கிறார்கள். எழுவர் ஆட்டத்தின் பழைய நட்சத்திரம் வைசலே செரேவி காலத்திலிருந்து வழி இதுதான். 1997, 2005, 2022 என மூன்று எழுவர் உலகக் கோப்பையும் இந்த ஏற்பாட்டின் விளைச்சல். நியூடவுன் குடியிருப்பிலிருந்து வந்த ஜெரி துவாய் இரண்டு தங்கத்திலும் இருந்த ஒரே ஆட்டக்காரர், டோக்கியோவில் அணித்தலைவரும் அவரே. கொரோனா காலத்தில் அந்த அணி மாதக்கணக்கில் குடும்பத்தைப் பிரிந்து ஆஸ்திரேலியாவில் தங்கி, உறைந்த மீன் ஏற்றிய சரக்கு விமானத்தில் டோக்கியோ போனது.

பாரிஸ் வெள்ளியையும் இதே கண்ணோடு பாருங்கள். ரியோவின் முதல் ஆட்டம் தொடங்கி 17 ஒலிம்பிக் ஆட்டங்கள் தொடர்ச்சியாக வென்றிருந்தார்கள். குழு ஆட்டத்தில் பிரான்ஸை 19-12 வென்றவர்களே இறுதியில் அதே அணியிடம் 28-7 தோற்றார்கள். எழுவரிலும் பெரிய நாடுகள் முழுநேர அணிகளை உருவாக்கிவிட்டன. பழைய இடைவெளி இப்போது இல்லை.

---

அலைவரிசை

மூவருக்கும் நன்றி. இடம், நேரம், பணம் என்று பிரித்துப் பார்த்தால் தெளிவாகிறது.

இரண்டு துணைக் கேள்வி. துருவா என்ற பிஜியின் தொழில்முறை அணி வந்த பிறகு பதினைவரில் ஏதாவது மாறியிருக்கிறதா? ஆஃப்லோட்டைச் சரியாகச் செய்வது எப்படி, எங்கே பிழைக்கிறது? ஆட்டத்தைப் பார்க்கும்போது எது நல்ல ஆஃப்லோட், எது அவசரம் என்று பிரித்துப் பார்க்க முடியவில்லை.

---

எட்டாம் எண்

துருவா என்பது இரட்டை உடல் கொண்ட பழைய போர்ப்படகு. அந்தப் பெயரில் 2017இல் ஆஸ்திரேலியாவின் தேசியப் போட்டியில் சேர்ந்து, 2018இல் அதை வென்றது. 2022 முதல் சூப்பர் ரக்பி பசிபிக் என்ற தொழில்முறைப் போட்டியில் ஆடுகிறது. முக்கியமான மாற்றம், நாட்டிலேயே இருந்துகொண்டு சம்பளம் வாங்கி, மாதக்கணக்கில் ஒரே குழுவாக ஆடும் வாய்ப்பு. முன்வரிசை சொன்ன அந்த 'அதே எட்டு பேர்' பிரச்சினைக்கு இதுதான் நேரடி மருந்து.

பலன் கண்முன்னே இருக்கிறது. 2023 மார்ச்சில் பிஜியின் லவுதோகாவில் நியூசிலாந்தின் குருசேடர்ஸ் அணியை 25-24 வென்றார்கள். ஆகஸ்டில் தேசிய அணி ட்விக்கன்ஹமில் இங்கிலாந்தை 30-22 வென்றது, இங்கிலாந்துக்கு எதிராக அதுவே முதல் வெற்றி. அடுத்த மாதம் ஆஸ்திரேலியா மீது 1954க்குப் பின் முதல் வெற்றி. அந்த உலகக் கோப்பை அணியில் ஏறத்தாழ பாதிப்பேர் துருவா ஆட்டக்காரர்கள். 2024 நவம்பரில் கார்டிஃபில் வேல்ஸை 24-19.

துருவாவின் குறை, வெளியூர் ஆட்டங்கள். லவுதோகாவின் பகல் வெயிலில் எதிரணி கடைசி இருபது நிமிடம் தளரும், பந்து கை மாறும் வேகம் பிஜிக்குச் சாதகம். குளிரும் மழையும் உள்ள ஊரில் பந்து வழுக்கும், ஆட்டம் உதையிலும் ஸ்க்ரம்மிலும் போய் நிற்கும், அங்கே திணறுகிறார்கள்.

பெண்கள் அணியைச் சொல்லாமல் விடக்கூடாது. பிஜியானா எழுவர் அணி டோக்கியோவில் பிரிட்டனை 21-12 வென்று வெண்கலம் எடுத்தது. பதினைவரில் பிஜியானா துருவா ஆஸ்திரேலியாவின் சூப்பர் டபிள்யூ போட்டியில் நுழைந்த 2022இலேயே ஓர் ஆட்டமும் தோற்காமல் வென்றது, 2023இலும் வென்றது. பெண்கள் ரக்பி ஆடுவதை ஊரே தடுத்த காலம் தொலைவில் இல்லை. அவர்கள் சாதித்ததை ஆண்களின் தங்கத்துக்குக் குறைவாக எடைபோடக் கூடாது.

---

முன்வரிசை

ஆஃப்லோட் கேள்விக்கு வருகிறேன்.

நல்ல ஆஃப்லோட் பந்து கையை விட்டுப் போவதற்கு இரண்டு அடி முன்னாலேயே தீர்மானமாகிவிடும். ஓடுபவர் தடுப்பவரின் நெஞ்சை நோக்கிப் போனால் இரண்டு கையும் சிக்கும். கடைசி அடியில் சற்று விலகி, தடுப்பவரின் தோள் ஓரத்தை நோக்கிப் போக வேண்டும். அப்போது தடுப்பவரின் ஒரு கைதான் முழுதாகச் சுற்றும். மோதிய பின்னும் கால்கள் ஓடிக்கொண்டே இருக்க வேண்டும், கால் நின்றால் உடல் சாய்ந்துவிடும். பந்துள்ள கை தடுப்பவரின் கைக்கு மேலே, தோள் உயரத்தில். பந்தை வீசக் கூடாது, மணிக்கட்டால் மெல்லத் தள்ளினால் போதும். ரக்பிப் பந்து 410 முதல் 460 கிராம், நீளம் 30 சென்டிமீட்டருக்குள். ஒரு கைப்பிடியில் அடக்க விரல்கள் பந்தின் முனையைச் சுற்றி நீளவாக்கில் விரிய வேண்டும். லியோனே நகரவாவின் பழைய ஆட்டங்களைப் பார்த்தால் அந்தக் கை எங்கே நிற்கிறது என்று தெளிவாகத் தெரியும். இரண்டாம் வரிசைக்காரர், நெடிய கை. மூன்று பேர் பிடித்திருந்தாலும் பந்து மட்டும் மேலே தனியாக நிற்கும்.

பாதி வேலை பின்னால் வருபவருடையது. அவர் ஒட்டிக்கொண்டு வரக் கூடாது. ஒன்றரை, இரண்டு மீட்டர் பின்னால் இருந்து, மோதல் நடந்த ஓசைக்குப் பிறகு வேகம் கூட்டி வர வேண்டும். முன்பே பக்கவாட்டில் வந்துவிட்டால் தள்ளிய பந்து முன்னோக்கிப் போகும், நடுவர் நிறுத்துவார். ஒரு மீட்டருக்குள் இருந்தால் அதே தடுப்பவரின் காலில் இடறுவார், இல்லையென்றால் பந்து நெஞ்சில் பட்டுத் தெறிக்கும்.

பயிற்சிக்கு 20 மீட்டர் நீளம், 8 மீட்டர் அகலத்தில் ஒரு கட்டம் போதும். தாக்குபவர் நான்கு, தடுப்பவர் இருவர், ஒருவர் பின் ஒருவராக 7 மீட்டர் இடைவெளியில். தடுப்பவர்கள் முதலில் இடுப்பைச் சுற்றிப் பிடித்தால் போதும், தரையில் சாய்க்க வேண்டாம். தாக்குபவர் மோதி, தள்ளி, அடுத்தவர் ஓடி, இரண்டாவது தடுப்பவரிடம் மீண்டும் மோதி, தள்ளி, கோட்டைத் தாண்ட வேண்டும். ஆறு ஓட்டம், அரை நிமிட ஓய்வு, மீண்டும் ஆறு. மூன்று சுற்றுக்குப் பிறகு கை சோர்ந்துவிடும், சோர்ந்த கையில் பழகுவது தவறான பழக்கமாகிவிடும், நிறுத்திவிடுங்கள். அடுத்த வாரம் முழு டேக்கிள் (தரையில் சாய்த்துத் தடுப்பது), அதற்கடுத்து ஈரப் பந்து.

பிழைகள் பெரும்பாலும் மூன்று விதம். முதலாவது, மோதலுக்கு முன்பே தள்ளிவிடுவது. தடுப்பவர் இன்னும் யாரிடமும் சிக்கவில்லை, திரும்பி அடுத்தவரைப் பிடித்துவிடுவார். அது வெறும் பாஸ், ஆஃப்லோட்டின் பயன் கிடைக்காது. இரண்டாவது, உடல் பின்பக்கம் சுழன்று விழும்போது கண்மூடித் தள்ளுவது. வாங்குபவரின் கைகள் கண்ணில் படவில்லை என்றால் பந்தை இறுகப் பிடித்துக்கொண்டு தரையில் விழுவதே சரி. இந்த ஒரு விதியைக் கடைப்பிடிக்கும் பிஜி அணி பதினைவரில் வேறொரு அணியாகத் தெரியும். மூன்றாவது, இடம் பாராமல் செய்வது. சொந்தப் பாதியில், முன்னிலையில் இருக்கும்போது, கடைசி பத்து நிமிடத்தில் ஆஃப்லோட்டுக்கு அவசியம் குறைவு. எதிரணியின் கோல் கோட்டிலிருந்து 22 மீட்டருக்குள் அதே முயற்சி தவறினாலும் எதிரணி உதைத்து வெளியேற்றி, லைன்அவுட்டாகப் பந்து உங்களிடமே திரும்ப வாய்ப்புண்டு.

அடுத்த முறை பிஜி ஆடும்போது பந்து வைத்திருப்பவரைப் பார்க்காதீர்கள். அவருக்குப் பின்னால் இரண்டு மீட்டரில் யார் வருகிறார், எப்போது வேகம் கூட்டுகிறார் என்று அவரை மட்டும் பத்து நிமிடம் கவனியுங்கள். மோதலுக்கு முன்பே அவர் ஓட ஆரம்பித்திருந்தால் அந்தப் பந்து பெரும்பாலும் தவறும்.